விழுந்த மரம் என்ன செய்கிறது? ஓரிகான் காட்டில் ஒரு 200 ஆண்டுப் பரிசோதனை

1985-ல், அமெரிக்காவின் மேற்குக் கரையோர மாநிலமான ஓரிகானில், ஒரு காட்டுக்குள் ஐந்நூறுக்கும் மேற்பட்ட மரக்கட்டைகளைக் கொண்டுபோய்ப் போட்டார்கள். எல்லாம் பச்சையாக வெட்டியவை. ஒவ்வொன்றும் ஐந்தரை மீட்டர் நீளம், ஒரு ஆள் கட்டிப்பிடிக்கிற பருமன். நான்கு வகை மரங்கள். காட்டுக்குள் ஆறு இடங்கள். விறகுக்கும் இல்லை, பலகைக்கும் இல்லை. மட்கிப்போகட்டும் என்றுதான் போட்டார்கள். அவ்வப்போது போய்ச் சில கட்டைகளை வில்லை வில்லையாக அறுத்தெடுத்து, எவ்வளவு எடை குறைந்திருக்கிறது, உள்ளே என்ன வண்டு, என்ன பூஞ்சை, எவ்வளவு ஈரம், எவ்வளவு நைட்ரஜன் என்று அளந்து எழுதி வைக்கிறார்கள். இந்தப் பரிசோதனைக்குக் குறித்திருக்கும் காலம் 200 ஆண்டுகள். அதாவது 2185 வரை.

இதைத் திட்டமிட்டவர் மார்க் ஹார்மன் என்ற சூழலியலாளர். முடிவைத் தான் பார்க்கப் போவதில்லை என்று தெரிந்தே தொடங்கிய வேலை இது. அவருடைய மாணவர்களும் பார்க்க மாட்டார்கள். காட்டு ஆராய்ச்சியைப் பற்றி எத்தனையோ படித்திருக்கிறேன். இந்தக் கட்டைகள் அளவுக்கு எதுவும் என்னை ஈர்த்ததில்லை. ஒரு மரம் செத்த பிறகு செய்யும் வேலைக்கு இவ்வளவு மரியாதையா என்று முதலில் தோன்றியது. அந்தக் காட்டின் கதையை முழுக்கத் தெரிந்துகொண்ட பிறகு, இது கொடுத்தே தீர வேண்டிய மரியாதை என்றுதான் படுகிறது.

ஏன் 200 ஆண்டு? அந்தப் பகுதியின் பெரிய மரம் ஒன்று விழுந்தால், அது முற்றிலும் மண்ணாக ஏறத்தாழ அவ்வளவு காலம் பிடிக்கும். இதற்கு முன் ஆராய்ந்தவர்கள் ஒரு குறுக்கு வழியில் போனார்கள். காட்டில் கிடக்கும் வெவ்வேறு வயதுக் கட்டைகளை ஒரே நேரத்தில் பார்ப்பது. மேலே முளைத்திருக்கும் கன்றின் வயதை வைத்தும், விழும்போது பக்கத்து மரத்தில் உரசிய தழும்பை வைத்தும், எப்போது விழுந்தது என்று கணிப்பது. பிறகு எல்லாவற்றையும் வயது வரிசையில் அடுக்கி, ஒரே கட்டையின் வாழ்க்கை இப்படித்தான் இருந்திருக்கும் என்று எழுதுவது. சரி, அது தவறான முறை அல்ல. ஆனால் விழும்போதே அந்த மரம் உள்ளுக்குள் உளுத்திருந்ததா, நல்ல வைரம் பாய்ந்து இருந்ததா என்பது தெரியாமல் போய்விடும். தொடக்கம் தெரியாத கதையாகிவிடும். அதனால்தான் ஒரே அளவில், வெட்டிய பச்சையோடு, தொடக்கத்திலிருந்து பார்க்க வேண்டும் என்று ஹார்மன் முடிவு செய்தார்.

எப்படி வெட்டுவது என்று பார்க்க வந்தவர்கள்

இந்தக் கட்டைகள் கிடக்கும் இடத்தின் பெயர் ஹெச். ஜே. ஆண்ட்ரூஸ் ஆராய்ச்சிக் காடு. யூஜின் நகரத்திலிருந்து கிழக்கே சுமார் 80 கிலோமீட்டர், கேஸ்கேட் மலைத்தொடரின் மேற்குச் சரிவில் இருக்கிறது. லுக்கவுட் ஓடை என்ற ஒரே ஓடையின் நீர்ப்பிடிப்புப் பகுதி முழுவதும்தான் இந்தக் காடு: ஏறத்தாழ 6,400 ஹெக்டேர். அடிவாரம் கடல்மட்டத்திலிருந்து 410 மீட்டர், உச்சி 1,630 மீட்டர். ஓடை புளூ ரிவரில் கலந்து, அது மெக்கென்ஸி ஆற்றில் சேர்கிறது.

அமெரிக்க வனத்துறை ஆராய்ச்சிக்கென்று காடுகளை ஒதுக்கும் வழக்கம் 1908-ல் அரிசோனாவின் ஃபோர்ட் வேலியில் தொடங்கியது. ஓரிகானின் இந்தக் காட்டை ஒதுக்கியது 1948-ல். ஐந்து ஆண்டு கழித்து, மறைந்த வனத்துறை அதிகாரி ஆண்ட்ரூஸின் பெயரை வைத்தார்கள். உலகப்போர் முடிந்து ஊரெங்கும் வீடு கட்டிக்கொண்டிருந்த காலம். பலகைக்கு அப்படியொரு தேவை. தனியார் நிலங்களில் பெரிய மரங்கள் தீர்ந்துகொண்டிருந்தன, அரசு மலைக்காடுகளில்தான் மிச்சம். ஆகவே ஆராய்ச்சியாளர்களிடம் கேட்ட கேள்வி இது: இந்தக் கிழட்டுக் காட்டை எப்படி வேகமாக வெட்டி, இளங்காடாக மாற்றுவது? சாலையை எங்கே போடுவது, எந்த அளவுத் துண்டாக மொட்டையடிப்பது, வெட்டியபின் குப்பையை எரிப்பதா வேண்டாமா, கன்று எப்படித் தலையெடுக்கும்?

அன்றைய வனத்துறையின் பார்வையில் நானூறு, ஐந்நூறு வயது மரம் என்பது முற்றிப்போன, வீணாகும் சரக்கு. ஆண்டுக்கு ஆண்டு வளர்வதைவிட அழுகுவது அதிகம் என்றால், அது நட்டக்கணக்கு. கீழே விழுந்து கிடக்கும் கட்டைகளோ தீக்கும் பூச்சிக்கும் இரையாகும் குப்பை. அந்தக் கணக்கைப் போட்டவர்கள் கெட்டவர்கள் அல்ல. காட்டை அவர்கள் பலகையாகப் பார்த்தார்கள். பலகைக் கணக்கில் அது சரியான விடைதான்.

அளக்கத் தொடங்கியதுதான் எல்லாவற்றையும் மாற்றியது. 1950-களின் தொடக்கத்தில் மூன்று சிறு ஓடைகளில் நீர் அளக்கும் தொட்டிகளைக் கட்டினார்கள். ஒன்றின் நீர்ப்பிடிப்பை முழுக்க மொட்டையடித்தார்கள். இன்னொன்றில் சாலை போட்டுக் கால் பங்கு வெட்டினார்கள். மூன்றாவதைத் தொடவே இல்லை. 1964 டிசம்பரில் பனியின்மேல் கனமழை கொட்டிப் பெருவெள்ளம் வந்தது. கால் பங்குதான் வெட்டியிருந்தார்கள் என்றாலும், சாலை போட்டிருந்த ஓடையில்தான் சரிவுகள் பெயர்ந்து, சேறும் பாறையும் மரமுமாக இறங்கி வந்தன. மரம் வெட்டுவது ஒரு பக்கம், அதற்காகப் போடும் சாலை அதைவிடப் பெரிய காயம் என்று கண்ணெதிரே தெரிந்தது. அந்த அளவைகள் இன்றுவரை தொடர்கின்றன.

தீயில் பிறக்கும் மரம்

இந்தக் காட்டின் தலைவன் டக்ளஸ் ஃபிர் என்ற ஊசியிலை மரம். பெயரில் ஃபிர் இருந்தாலும் அது ஃபிர் இனம் இல்லை. அதன் பேரினப் பெயருக்கே ‘பொய் ஹெம்லாக்’ என்றுதான் பொருள். ஸ்காட்லாந்திலிருந்து 1820-களில் வந்து செடி சேகரித்த டேவிட் டக்ளஸின் பெயர் மக்கள் வாயில் நிலைத்துவிட்டது. முதிர்ந்த மரங்கள் 70, 80 மீட்டர் உயரம் போகும். கிழமரத்தின் பட்டை ஒரு அடி தடிமன்கூட இருக்கும்; தரைத்தீ வந்து போனால் பட்டை கருகும், மரம் பிழைத்துக்கொள்ளும்.

ஆனால் இதன் கன்று நிழலில் தலையெடுக்காது. வெயில் வேண்டும், வெட்டவெளி வேண்டும். அதாவது பெருந்தீயோ பெருங்காற்றோ வந்து இடத்தைத் திறந்துவிட்டால்தான் டக்ளஸ் ஃபிர் காடு பிறக்கும். ஆண்ட்ரூஸ் காட்டின் மூத்த மரங்கள் பெரும்பாலும் 1500-களை ஒட்டி நடந்த தீக்களின் பிள்ளைகள். நிழலைத் தாங்கும் மரம் வேறொன்று இருக்கிறது: வெஸ்டர்ன் ஹெம்லாக். டக்ளஸ் ஃபிர்ரின் காலடியில் பொறுமையாக வளர்ந்து, பெரியவன் விழும் இடத்தையெல்லாம் பிடிக்கும். தீயே வராமல் ஆயிரம் ஆண்டு போனால் காடு ஹெம்லாக் கைக்குப் போய்விடும். அவ்வளவு காலம் தீ வராமல் இருப்பது அரிது. பக்கத்து வில்லமெட் சமவெளியில் கலபூயா மக்கள் புல்வெளிகளைத் தாங்களே தவறாமல் எரித்துப் பராமரித்து வந்தார்கள் என்பதையும் இங்கே சேர்த்துச் சொல்ல வேண்டும். வெள்ளையர் வருவதற்கு முன் மனிதர் கைபடாத காடு என்று அந்தப் பகுதியைச் சொல்வது அவர்களை அழித்து எழுதுவதாகும்.

மழை கீழ்ப்பகுதியில் ஆண்டுக்குச் சுமார் 2,300 மில்லிமீட்டர், உச்சியில் இன்னும் அதிகம். பெரும்பகுதி நவம்பர் முதல் ஏப்ரல் வரைதான் பெய்யும். கோடை முழுக்க வறட்சி. இந்த ஒரு செய்தியைப் பிடித்துக்கொண்டால் மற்றதெல்லாம் விளங்கும். குளிர்காலத்தில் தண்ணீர் இருக்கிறது, வெயில் இல்லை. கோடையில் வெயில் இருக்கிறது, தண்ணீர் இல்லை. இலையுதிர்க்கும் மரங்களுக்கு இது ஒத்துவராது. ஊசியிலையை ஆண்டு முழுக்க வைத்திருந்து, குளிரிலும் மிதமான நாட்களில் சமைத்துக்கொள்ளும் மரங்களுக்கே வாழ்வு. அதோடு, கோடைக்கு நீரைச் சேமித்து வைக்க ஏதாவது வேண்டும். அந்த வேலையைச் செய்வதில் ஒரு பங்கு விழுந்த கட்டைகளுடையது.

உளுத்த கட்டையைக் கையால் பிழிந்தால் தண்ணீர் சொட்டும். மழைக்காலம் முழுக்க உறிஞ்சி, கோடையில் பிடித்து வைத்திருக்கிறது. தவளை, சாலமாண்டர் போன்ற ஈரத்தோல் பிராணிகள் கோடையைக் கழிப்பது அதற்குள்தான். ஹெம்லாக் விதை மிகச் சிறியது. தரையில் பாசியும் சருகும் மூடிக் கிடப்பதால் அங்கே பிழைப்பது கடினம். கட்டையின் முதுகில் விழுந்தால் பிழைக்கும். பிறகு கட்டை இற்றுப்போய் மறைந்துவிடும், மரங்கள் மட்டும் கால் ஊன்றி நிற்பவைபோல வேர்களை அகட்டிக்கொண்டு ஒரே வரிசையில் நிற்கும். காட்டில் யாரோ கயிறு பிடித்து நட்டதுபோல மரங்கள் நின்றால், அங்கே ஒரு காலத்தில் ஒரு மரம் விழுந்து கிடந்தது என்று பொருள்.

ஹார்மனின் கட்டைகள் முதல் சில ஆண்டுகளிலேயே எதிர்பாராததைக் காட்டின. முதலில் வண்டுகள் வருகின்றன. பட்டைக்கும் கட்டைக்கும் நடுவே இருக்கும் சத்தான தசையைத் தின்பவை சில. இன்னும் சில, மரத்துக்குள் துளை போட்டு, தங்கள் உடம்பில் தூக்கிவந்த பூஞ்சையை அங்கே பயிரிட்டு, அதைத் தின்று வாழ்பவை. அவை போட்ட துளை வழியே மற்ற பூஞ்சைகளும் நீரும் காற்றும் நுழைகின்றன. விழுந்த கட்டையில் ஊட்டம் மிகக் குறைவு, ஆரம்பத்தில் அது மண்ணுக்கு எதையும் தராது என்றுதான் அதுவரை நினைத்திருந்தார்கள். பார்த்தால், கட்டையின்மேல் முளைக்கும் காளான்கள் உள்ளே இருந்த நைட்ரஜனையும் பாஸ்பரஸையும் பொட்டாசியத்தையும் தங்களுக்குள் திரட்டிக்கொண்டு, தாங்கள் அழுகி விழும்போது வெளியே கொடுத்துவிடுகின்றன. ஃபிர், ஹெம்லாக் கட்டைகளில் வைரத்தைச் சுற்றியிருக்கும் வெளிறு விரைவில் இளகிப் போயிற்று. ரெட்சிடார் என்ற மரத்தின் கட்டை மட்டும் அசையவில்லை. அதன் வைரத்தில் இருக்கும் வேதிப்பொருள் பூஞ்சையை அண்டவிடாது. அந்தக் கடற்கரையின் பழங்குடியினர் படகும் வீடும் ரெட்சிடாரில் செய்ததற்குக் காரணம் அதுவே.

உயிருள்ள மரத்தின் அடிமரத்தில் பெரும்பகுதி ஏற்கனவே செத்த செல்கள்தான். பட்டையை ஒட்டிய மெல்லிய வளையத்தில்தான் உயிர் ஓடுகிறது. விழுந்து பூஞ்சையும் பூச்சியும் வேரும் குடியேறிய கட்டையில் உயிருள்ள செல்களின் பங்கு அதைவிடக் கூடுதல். இதை முதன்முதலில் படித்தபோது புத்தகத்தை மூடிவைத்துவிட்டுச் சற்று நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன்.

உச்சிக்கு ஏறியவர்கள், மண்ணைத் தோண்டியவர்கள்

1970-களில் இந்தக் காட்டுக்கு வேறு வகை ஆட்கள் வந்தார்கள். சர்வதேச உயிரியல் திட்டத்தின் நிதி கிடைத்தது. 1980-ல் நீண்டகாலச் சூழலியல் ஆராய்ச்சி மையங்களின் முதல் வரிசையில் ஆண்ட்ரூஸும் இடம்பெற்றது. இவர்களில் முன்னால் நின்றவர் ஜெர்ரி ஃபிராங்க்ளின். காகித ஆலைத் தொழிலாளியின் மகன். பெற்றோர் அவருக்கு நடுப்பெயராக வைத்தது ‘ஃபாரஸ்ட்’. யாருமே கவனிக்காத ஒரு கேள்வியை இவர்கள் கையிலெடுத்தார்கள்: கிழட்டுக் காடு என்கிறோமே, அது உண்மையில் என்ன?

மலை ஏறுபவர்களின் கயிறு கட்டி உச்சிக் கிளைகளுக்கு ஏறினார்கள். கீழிருந்து பார்த்தால் பச்சைதான் தெரியும். மேலே போனால் கிளை கிளையாக லொபேரியா என்ற கற்பாசி, முட்டைக்கோஸ் இலைபோல மடிப்பு மடிப்பாகப் படர்ந்திருந்தது. நாம் பிரியாணிக்குப் போடும் கல்பாசியும் இதே குடும்பப் பிழைப்புதான்: பூஞ்சையும் பாசியும் ஒன்றுக்குள் ஒன்று வாழ்வது. லொபேரியாவுக்கு ஒரு தனித்திறமை உண்டு. காற்றிலிருக்கும் நைட்ரஜனை அப்படியே பிடித்து உரமாக்கும். குளிர்காலப் புயலில் அது பிய்ந்து தரையில் விழுந்து மட்கி, காட்டுக்கே உரமாகிறது. இது இளங்காட்டில் அவ்வளவாக இருக்காது. படர்ந்து பெருக நூறு ஆண்டுக்கும் மேல் வேண்டும். நட்டு வளர்த்து ஐம்பது, அறுபது ஆண்டில் வெட்டும் தோப்புக்கு இந்த உரம் கிடைக்கவே கிடைக்காது.

இன்னொரு பக்கம் மண்ணைத் தோண்டினார்கள். அங்கே காளான் ஆராய்ச்சியாளர் ஜிம் டிராப்பியும் விலங்கியலாளர் கிரிஸ் மேசரும் ஒரு முடிச்சை அவிழ்த்தார்கள். டக்ளஸ் ஃபிர்ரின் வேர் நுனிகளில் பூஞ்சை கூடியிருக்கும். அந்தப் பூஞ்சை இல்லாமல் மரத்துக்கு நீரும் சத்தும் போதுமான அளவு கிடைக்காது. மரம் பூஞ்சைக்குச் சர்க்கரை கொடுக்கும். இந்தப் பூஞ்சைகளில் பல, மண்ணுக்கு மேலே குடை விரிப்பதில்லை. உருளைக்கிழங்குபோல மண்ணுக்குள்ளேயே காய்க்கின்றன. காற்று அவற்றின் வித்துகளைத் தூக்கிப்போக முடியாது. அப்புறம் யார் தூக்கிப்போகிறார்கள்? பறக்கும் அணிலும் காட்டெலியும். வாசனை பிடித்துத் தோண்டித் தின்று, போகும் இடமெல்லாம் எச்சத்தோடு வித்தைப் போடுகின்றன. இந்த எலிகள் வெட்டவெளியில் நடமாட அஞ்சி, விழுந்த கட்டையை ஒட்டியே ஓடுகின்றன. அணில் கூடு கட்டுவது பட்டுப்போன மரத்தின் பொந்தில். பறக்கும் அணிலைத் தின்பது புள்ளி ஆந்தை. புள்ளி ஆந்தை முட்டையிடுவதும் பெருமரப் பொந்தில்தான்.

ஆக, மரத்துக்குப் பூஞ்சை, பூஞ்சைக்கு அணில், அணிலைத் தின்னும் ஆந்தை, இவை எல்லாவற்றுக்கும் வீடாகச் செத்த மரம். 1981-ல் ஃபிராங்க்ளினும் கூட்டாளிகளும் கிழட்டுக் காட்டின் அடையாளங்களைப் பட்டியலிட்டார்கள்: பெரிய உயிர்மரம், நிற்கும் பட்ட மரம், தரையில் கிடக்கும் கட்டை, ஓடையில் கிடக்கும் கட்டை. நான்கில் மூன்று செத்தவை.

இதோடு சேர்ந்த இன்னொரு செய்தி. மார்பிள்ட் மரிலெட் என்று ஒரு கடற்பறவை. பகல் முழுக்கப் பசிபிக் கடலில் மீன் பிடிக்கும். அது எங்கே கூடு வைக்கிறது என்று நெடுங்காலம் யாருக்கும் தெரியவில்லை. 1974-ல் கலிஃபோர்னியாவில், கிளை கழிக்க டக்ளஸ் ஃபிர் மேல் ஏறிய தொழிலாளி ஒருவர், அகலமான கிளையில் குஞ்சு ஒன்று உட்கார்ந்திருப்பதைப் பார்த்தார். கடலோரக் காடுகளின் பெருமரக் கிளையில், பாசி மெத்தைமேல் அது ஒரே ஒரு முட்டை இடும். கிளை அவ்வளவு அகலமாகி, அதன்மேல் பாசியும் படர வேண்டுமானால் மரத்துக்கு எவ்வளவு வயதாக வேண்டும் என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

ஓடையில் கிடந்த கட்டை

கட்டைகளின் கதையில் என் மனத்தை அதிகம் தொட்டது ஓடைகளில் நடந்ததுதான். 1950-களிலிருந்து 70-கள் வரை, ஓடைகளில் கிடக்கும் மரங்களை அகற்றுவது அரசின் கொள்கை. சால்மன் மீன் கடலிலிருந்து ஆற்றில் எதிர்நீச்சல் போட்டு ஏறி, மேலே குளிர்ந்த ஓடையில் முட்டையிடும். வழியில் மரம் அடைத்துக் கிடந்தால் எப்படிப் போகும்? ஆகவே மீனுக்கு நன்மை செய்வதாக நம்பி, நல்ல எண்ணத்தோடு, கட்டைகளை இழுத்துக் கரையேற்றினார்கள்.

ஆண்ட்ரூஸில் நிலவியலாளர் ஃபிரெட் ஸ்வான்சனும், மீன்களை ஆராய்ந்த ஜிம் ஸெடலும், ஸ்டான் கிரெகரியும் ஓடைகளை அடி அடியாக வரைந்தார்கள். கட்டை இருக்கும் இடத்தில் நீர் தடுக்கப்பட்டு ஆழமான மடு உண்டாகிறது. மடுவில்தான் மீன்குஞ்சு கோடையைக் கழிக்கிறது, வெள்ளத்தில் ஒதுங்குகிறது. கட்டைக்குப் பின்னால்தான் முட்டையிடத் தேவையான பொடிக்கல் தேங்குகிறது. விழுந்த இலைகளும் அங்கேதான் சிக்குகின்றன. அவற்றைத் தின்னும் பூச்சிகள்தான் மீனுக்கு உணவு. கட்டை இல்லாத ஓடை, மழைநீர் வாய்க்கால்போல நேராகப் பாய்ந்து, அடிப்பாறை வரை அரித்துக்கொண்டு போய்விடுகிறது. சால்மன் இனமோ, பெருமரங்கள் விழுந்து கிடந்த ஓடைகளில்தான் பல ஆயிரம் ஆண்டுகளாக வாழ்ந்து பழகியது.

பிறகு என்ன ஆயிற்று? அதே அரசுத் துறைகள் இன்று பணம் செலவழித்து, ஹெலிகாப்டரிலும் இயந்திரத்திலும் கட்டைகளைக் கொண்டுவந்து ஓடைகளில் போடுகின்றன. தவறு என்று தெரிந்ததும் எதிர்த்திசையில் வேலை செய்யும் மனம் வந்ததே, அது பெரிய விஷயம். ஆனால் ஐந்நூறு ஆண்டு நின்ற மரம் தானாக விழுவதற்கு ஈடாக நாம் கொண்டுபோய்ப் போடும் கட்டை ஆகாது. வெள்ளம் வந்தால் சிறிய கட்டை போய்விடும், பெரியது நிற்கும். ஓடைக்கரையில் பெருமரம் வளர விட்டால்தான் அடுத்த நூற்றாண்டில் ஓடைக்குள் பெருமரம் கிடக்கும்.

ஆந்தையும் ஆலையும்

இதுவரை ஆராய்ச்சி. இனி அது வெளியே வந்தபோது நடந்தது. எரிக் ஃபோர்ஸ்மன் என்ற மாணவர் 1968-ல் ஓரிகான் மலையில் கோடை வேலை பார்த்துக்கொண்டிருந்தபோது, இருட்டில் ஒரு ஆந்தைக் குரல் கேட்டுப் பதிலுக்குக் கத்தினார். ஆந்தை பக்கத்தில் வந்து உட்கார்ந்தது. அதுவரை அதிகம் யாரும் ஆராயாத புள்ளி ஆந்தை அது. அப்புறம் அவர் வாழ்நாள் முழுக்க அதன் பின்னாலேயே போனார். ரேடியோ கருவி கட்டிப் பின்தொடர்ந்ததில், ஒரு ஜோடிக்கு ஆயிரம் ஹெக்டேர் வரை, சில சமயம் அதற்கு மேலும் பழங்காடு வேண்டியிருக்கிறது என்று தெரிந்தது. காடு குறைந்தால் ஆந்தை இருக்காது.

1990 ஜூனில் புள்ளி ஆந்தை அச்சுறுத்தலுக்கு உள்ளான இனமாகச் சட்டப்படி அறிவிக்கப்பட்டது. 1991-ல் நீதிபதி வில்லியம் டுவையர், ஆந்தை வாழும் அரசுக் காடுகளில் மர விற்பனையை நிறுத்தினார். அதிபர் கிளின்டன் 1993-ல் போர்ட்லண்டில் மாநாடு கூட்டினார். 1994-ல் வடமேற்கு வனத்திட்டம் வந்தது: ஏறத்தாழ ஒரு கோடி ஹெக்டேர் அரசு நிலத்துக்கான திட்டம். ஆண்ட்ரூஸில் சேர்த்த அளவைகளும், அங்கே உருவான அறிவியலாளர்களும் அதன் அடித்தளத்தில் இருக்கிறார்கள். அரசுக் காடுகளில் வெட்டு ஐந்தில் நான்கு பங்குக்கும் மேல் குறைந்தது.

இதற்கு விலை கொடுத்தவர்கள் மலையடிவார ஊர்க்காரர்கள். மரம் அறுப்பதைத் தவிர வேறு தொழில் தெரியாத குடும்பங்கள். ஒரே ஆலையை நம்பி வாழ்ந்த ஊர்கள். இயந்திரமயமாக்கலும், அறுக்காத மரத்தை அப்படியே ஏற்றுமதி செய்ததும் ஏற்கனவே வேலைகளைத் தின்றுகொண்டிருந்தன என்பது உண்மைதான். ஆனாலும் ஆலை மூடிய அன்று அந்த வீட்டில் எரியும் வயிற்றுக்கு அந்த விளக்கம் ஆறுதல் தராது. பழங்காட்டைக் காத்தது சரி என்றே நான் நினைக்கிறேன். அந்த ஊர்களுக்கு மாற்று வழி செய்து கொடுத்தது போதாது என்றும் நினைக்கிறேன்.

ஆந்தையோ முழுதாகத் தப்பவில்லை. கிழக்கு அமெரிக்காவைச் சேர்ந்த வரி ஆந்தை மெல்ல மேற்கே பரவி வந்து, அளவில் பெரியதாகவும் எதையும் தின்பதாகவும் இருப்பதால், புள்ளி ஆந்தையின் இடத்தைப் பிடித்துக்கொண்டுவிட்டது. 2024-ல் அமெரிக்க வனவிலங்குத் துறை, முப்பது ஆண்டுகளில் நான்கரை லட்சம் வரி ஆந்தைகள் வரை சுட்டுக் குறைக்கும் திட்டத்துக்கு ஒப்புதல் கொடுத்தது. படிக்கவே வேதனையான செய்தி.

பழங்காடு இன்னும் சொல்லிக்கொண்டிருப்பவை

நீண்ட அளவைகள் தரும் விடைகள் தாமதமாக வருகின்றன, வந்தால் தலைகீழாக வருகின்றன. மொட்டையடித்த ஓடையில் முதல் சில ஆண்டு நீர் கூடியது. குடிக்க மரம் இல்லையே. அந்த அளவோடு நிறுத்தியிருந்தால், மரம் வெட்டினால் தண்ணீர் பெருகும் என்று பாடநூலில் எழுதியிருப்பார்கள். தொடர்ந்து அளந்ததால் 2017-ல் வேறு முடிவு வந்தது. வெட்டிய இடத்தில் வளர்ந்த இளம் டக்ளஸ் ஃபிர் தோப்புகள் கோடையில் பழங்காட்டைவிட அதிகம் நீர் குடிக்கின்றன. நாற்பது ஆண்டு கடந்த பிறகும் கோடைகால ஓடைநீர் பாதியாகத்தான் இருக்கிறது. மீனுக்குத் தண்ணீர் அதிகம் தேவைப்படும் காலமும் கோடைதான்.

2016-ல் வெளியான இன்னொரு ஆய்வு, காட்டின் அடித்தளத்தில் வெப்பத்தை அளந்தது. தோப்பைவிடப் பழங்காட்டின் உள்ளே 2.5 டிகிரி செல்சியஸ் வரை குளிர்ச்சி. பல உயரங்களில் கிளைகள், பல வயது மரங்கள் என்று அடுக்கடுக்காக இருப்பதுதான் காரணம். பூமி சூடாகும் காலத்தில் சிறு பறவைகளுக்கு இது ஒதுங்கும் இடம். கரியமிலக் கணக்கிலும் அப்படியே. இளமரம் வேகமாக வளர்கிறது, ஆகவே கிழக்காட்டை வெட்டி இளங்காடு நட்டால் காற்று சுத்தமாகும் என்று ஒரு வாதம் இருந்தது. 1990-ல் ஹார்மனும் ஃபிராங்க்ளினும் கணக்குப் போட்டுக் காட்டினார்கள்: பலகையாக வீட்டில் தங்கும் கரியைச் சேர்த்துப் பார்த்தாலும், வெட்டியதால் வெளியேறும் கரியை இளங்காடு ஈடுகட்ட மிக நீண்ட காலம் ஆகும்.

தீ வந்த பிறகு

2020 செப்டம்பரில் மெக்கென்ஸி பள்ளத்தாக்கில் பெருந்தீ வந்து புளூ ரிவர் ஊரையே அழித்தது. ஆண்ட்ரூஸின் ஓரத்தைத் தொட்டுவிட்டுப் போனது. 2023 ஆகஸ்டில் மின்னலால் பற்றிய லுக்கவுட் தீ உள்ளேயே வந்துவிட்டது. ஆராய்ச்சிக் காட்டின் ஏறத்தாழ 70 சதவீதம் தீயின் எல்லைக்குள் போனது. எழுபத்தைந்து ஆண்டு அளவைகள் நடந்த இடம். அந்தச் செய்தியைப் படித்த அன்று, தெரிந்தவர் வீடு எரிந்ததுபோல இருந்தது எனக்கு.

தீ எல்லா இடத்திலும் ஒரே மாதிரி எரியவில்லை. சில சரிவுகளில் எல்லாம் கருகியது, சில இடங்களில் தரையை மட்டும் நக்கிவிட்டுப் போனது. 1980-ல் செயின்ட் ஹெலன்ஸ் எரிமலை வெடித்த பிறகு அங்கே போன ஃபிராங்க்ளினும் மற்றவர்களும் ஒரு பாடம் கற்றிருந்தார்கள். எல்லாம் அழிந்தது என்று நினைத்த சாம்பலுக்கு நடுவே வளைக்குள் இருந்த எலிகள் பிழைத்திருந்தன, வேர்கள் துளிர்த்தன, விழுந்த மரங்கள் கிடந்தன. காடு வெறுமையிலிருந்து தொடங்குவதில்லை. முன்பிருந்தது விட்டுவைத்ததிலிருந்து தொடங்குகிறது. அதில் பெரும்பங்கு செத்த மரம்.

பெருமரக்காட்டில் தீ வந்தால் எரிந்து போவது இலையும் சுள்ளியும் சருகும்தான். அடிமரத்தின் கட்டை பெரும்பாலும் அப்படியே நிற்கும். லுக்கவுட் தீயில் செத்த நானூறு வயது மரங்கள் இன்னும் பல பத்தாண்டுகள் பட்ட மரமாக நிற்கும். மரங்கொத்தி துளை போடும், அந்தத் துளையில் வேறொன்று குடியேறும். பிறகு ஒவ்வொன்றாக விழும். சில தரையில், சில லுக்கவுட் ஓடையில். கடைசியில் விழும் மரம் மட்க இன்னும் 200 ஆண்டு. ஹார்மன் போட்டது ஐந்நூற்றுச் சொச்சம் கட்டைகள். தீ போட்டிருப்பது பல ஆயிரம். அவற்றையும் எண்ணத் தொடங்கியிருக்கிறார்கள்.